ஐந்தாவது வீடு

எங்கள் தொழிலுக்கு ஊரில் தனிப்பெயர் இல்லை. "படிவம் நிரப்புற புள்ள வந்திரிக்கி" என்று வீட்டுக்குள்ளே குரல் கொடுப்பார்கள், அவ்வளவுதான். சம்பளப் பட்டியலில் கள ஆய்வு உதவியாளர். பிற்பாடு கள மேற்பார்வையாளர். வேலை ஒன்றேதான். ஒருவருடைய வாசலில் போய் இருந்து, அச்சடித்த கேள்விகளை வாசித்து, அவர் சொல்லும் பதிலை 0, 1, 2, 3 என்ற நான்கு இலக்கங்களில் ஒன்றுக்குள் அடக்கி வட்டமிட்டு வருவது. அந்த வட்டங்கள் கொழும்புக்கோ கடல் கடந்தோ போய், கணினிக்குள் இறங்கி, ஆய்வுக் கட்டுரையில் ஒரு சதவீதமாக வெளியே வரும்.

உளவியல் பாடநூல்கள் இதை இரண்டு அத்தியாயமாகப் பிரிக்கின்றன. விவரண ஆய்வு என்ன இருக்கிறது என்று சொல்லும். இணைபு ஆய்வு எது எதோடு சேர்ந்து கூடுகிறது, எது கூட எது குறைகிறது என்று சொல்லும். எது எதனால் வந்தது என்று சொல்வதற்கு மூன்றாவது அத்தியாயம், பரிசோதனை. மாணவர்கள் முதல் இரண்டையும் அரைத் தூக்கத்தில் கேட்டுவிட்டு மூன்றாவதற்கு நிமிர்ந்து உட்காருவார்கள். சுனாமிக் கடலை அரைவாசி ஊருக்கு அனுப்பி, மற்ற அரைவாசியை விட்டுவைத்துப் பரிசோதனை செய்ய யாராலும் ஏலாது. அதனால் எங்கள் கரையில் முதல் இரண்டு அத்தியாயங்கள்தான் சோறு போட்டன.

பெரியநீலாவணை அம்பாறை மாவட்டத்தின் வடக்கு விளிம்பில் இருக்கிறது. தெற்கே கைத்தறிக்குப் பேர்போன மருதமுனை, அதைத் தாண்டிப் பாண்டிருப்பு, கல்முனை. வடக்கே கொஞ்சம் நடந்தால் மட்டக்களப்பு மாவட்டம். கடலுக்கும் பிரதான வீதிக்கும் இடையிலான ஒடுங்கிய மணல் துண்டில் வீட்டோடு வீடு முட்டிக்கொண்டு நிற்கும். சுனாமி வந்தது 2004 டிசம்பர் 26, ஞாயிறு, போயா தினம். பிள்ளைகள் எல்லாம் வீட்டில். இலங்கையில் இறந்த 35,000க்கும் மேற்பட்டவர்களில் 10,000க்கும் மேற்பட்டோர் அம்பாறை மாவட்டத்தார். வேறெந்த மாவட்டத்திலும் இவ்வளவு இழப்பு இல்லை. அதற்கு முன் நான் பாடசாலையொன்றில் தொண்டர் ஆசிரியை. தமிழில் பேசவும் ஆங்கிலப் படிவத்தை வாசிக்கவும் தெரிந்த, வீட்டுக்குள்ளே போகக்கூடிய பெண்பிள்ளை வேண்டும் என்று ஆய்வுக் குழுவினர் தேடினார்கள். 2005 ஜனவரியில் இந்தத் தொழிலுக்கு வந்தவள், இன்னும் இதில்தான் இருக்கிறேன்.

முதல் மாதங்களில் முகாம்களுக்குப் படிவங்கள் வந்தது போல அரிசி வரவில்லை என்று சொன்னால் மிகை. ஆனால் ரொம்ப மிகையில்லை. கிராம உத்தியோகத்தரின் இழப்புப் படிவம், நிவாரணப் படிவம், நிரந்தர வீட்டுக்கான படிவம், மீன்பிடி உபகரணப் படிவம், இவற்றுக்கு நடுவில் என் கையில் தூக்கத்தையும் கனவையும் கேட்கும் படிவம். முன்னால் இருக்கிற மூத்தம்மாவுக்கு எல்லாம் ஒரே வெள்ளைக் கடதாசிதான். "மகள், இத எழுதினா வீடு கிடைக்குமா?" இல்லை என்றால், "அப்ப என்னத்துக்கு எழுதுற?" அதற்கு ஆய்வுக் குழு எழுதித் தந்த பதில் ஒன்று இருந்தது: எதிர்காலத்தில் இவ்வாறான அனர்த்தங்களில் மக்களுக்கு உதவுவதற்கு. அதை வாசித்து முடிக்கிறபோது என் முகத்தை நானே பார்க்காமல் இருந்தது நல்லது. வீடு கிடைக்கும் என்று உள்ளூர நம்புகிறவர் கஷ்டத்தைக் கொஞ்சம் கூட்டிச் சொல்வார். கூட்டிச் சொன்னால் பைத்தியக்காரி என்று பேர் வரும், மகளுக்கு மாப்பிள்ளை அமையாது என்று நினைப்பவர் குறைத்துச் சொல்வார். இரண்டும் அதே 0, 1, 2, 3க்குள் போய் விழும். அந்த வருடமே லான்செட் மருத்துவ இதழில் அத்துல சுமதிபாலவும் சிசிர சிறிபத்தனவும் சுனாமிக்குப் பிந்திய ஆய்வுகளின் அறநெறி பற்றி எழுதினார்கள். அது என் கைக்கு வருடங்கள் கழித்துத்தான் வந்தது. வந்தபோது புதிதாக இருக்கவில்லை.

எண்கள் எப்படி ஊர் சுற்றும் என்பதற்குக் கல்முனையே சாட்சி. கடல் வந்த நாளில் கண்டெடுக்கப்பட்டுக் கல்முனை வைத்தியசாலையில் 81ஆம் இலக்கத்தோடு வைக்கப்பட்டிருந்த பச்சைக் குழந்தைக்கு ஒன்பது தாய்மார் உரிமை கோருகிறார்கள் என்று உலகம் முழுக்கச் செய்தி போனது. முறைப்படி உரிமை கோரியது ஒரே ஒரு தம்பதி. 2005 பெப்ரவரியில் மரபணுச் சோதனை பிள்ளை அவர்களுடையது என்றது. ஒன்பது என்ற எண் மட்டும் இன்றைக்கும் உயிரோடு இருக்கிறது.

படிவத்துக்கு வருவோம். நெருக்கீட்டுக்குப் பிற்பட்ட மனவடு நோய்க்கான கேள்விகள் அதில் இருந்தன. களத்தில் நாங்கள் பீ.ரீ.எஸ்.டீ. என்று சுருக்கமாகச் சொல்வோம். முதல் சிக்கல் தூக்கம். "தூக்கம் வருவதில் சிரமம் உள்ளதா?" தற்காலிகக் கொட்டில்கள் தகரம். பகலெல்லாம் காய்ந்த தகரம் நடுச்சாமம் வரைக்கும் விடும் வெக்கையில், ஒரு திரைச்சீலைக்கு அந்தப் பக்கம் வேறொரு குடும்பம் இருக்க, யாருக்குத்தான் தூக்கம் வரும்? ராத்தா ஒருவர் பதிலுக்கு என்னை உள்ளே கூப்பிட்டு, "இதுக்குள்ள ஒரு ராவு படுத்துட்டு நீயே எழுது" என்றார். படிவத்தில் வெக்கைக்குக் கட்டம் இல்லை. 3 என்று வட்டமிட்டேன். ஓரத்தில் பென்சிலால் "தகரம்" என்றும் எழுதினேன். ஓரத்தில் எழுதுவதைத் தரவு பதிகிறவர்கள் பார்ப்பதே இல்லை என்று அப்போதே தெரியும்.

இரண்டாவது, இத்தா. கணவனை இழந்த முஸ்லிம் பெண் நான்கு மாதமும் பத்து நாளும் வீட்டோடு இருக்க வேண்டும். அவசியமின்றி வெளியே போவதில்லை, அலங்காரம் இல்லை, அந்நிய ஆண்கள் முன்னால் வருவதில்லை. கடல் ஒரே காலையில் அத்தனை பெண்களை விதவையாக்கியதால், ஒரே திகதியில் தொடங்கி, 2005 மே மாதத் தொடக்கத்தில் ஒரே நாளில் முடிகிற இத்தா எங்கள் ஊர்களில் வீடு வீடாக இருந்தது. வீடு எங்கே, முகாம்தான். முகாமில் ஒரு மூலையைச் சேலையால் மறைத்து இத்தா இருந்தார்கள். இப்போது கேள்விகளைப் பாருங்கள். வெளியே போவதையும் ஆட்களைச் சந்திப்பதையும் தவிர்க்கிறீர்களா? முன்பு விருப்பத்தோடு செய்த காரியங்களில் ஈடுபாடு குறைந்துள்ளதா? மற்றவர்களிடமிருந்து விலகி இருக்கிறீர்களா? மார்க்கத்தைப் பேணி நடக்கும் ஒரு பெண் மூன்றுக்கும் "ஓம், எப்பவும்" என்றுதான் சொல்வாள். ஒவ்வொன்றுக்கும் 3, கடமையைச் சரியாகச் செய்ததற்காக நோய்க்கணக்கில் ஒன்பது புள்ளி. அவளுக்குத் துயரம் இல்லை என்று நான் சொல்லவில்லை. கண்ணீர் வற்றிப்போன கண்ணைப் பக்கத்திலிருந்து பார்த்தவள் நான். ஆனால் அந்த ஒன்பது புள்ளியும் அந்தத் துயரத்தின் அளவு அல்ல.

இன்னும் ஒன்று. அதே பெண்ணை மார்ச்சில் ஒரு தரமும் ஜூனில் ஒரு தரமும் கேட்டால் புள்ளி மளமளவென்று இறங்கியிருக்கும், இத்தா முடிந்ததால். இரண்டுக்கும் நடுவில் ஏதாவது நிறுவனம் உளவளத்துணை நடத்தியிருந்தால் இறக்கத்தின் பெருமை யாருக்குப் போகும் என்று நான் சொல்லத் தேவையில்லை.

மூன்றாவது கேள்வி எதிர்காலம் பற்றியது. உங்கள் வாழ்நாள் குறுகிவிட்டதாக, பிள்ளைகளின் கலியாணத்தைப் பார்க்கக் கிடைக்காது என்பதாக உணர்கிறீர்களா? அந்தக் காலத்து நோய்வரையறையில் இது ஒரு குறிகுணம். எங்கள் பக்கத்துப் பதில்: "அது அல்லாஹ்ட நாட்டம் மகள், நமக்கிட்ட என்ன இரிக்கி?" இதற்கு என்ன இலக்கம்? சுனாமிக்கு முந்தின கிழமை கேட்டிருந்தாலும் இதே பதிலைத்தான் சொல்லியிருப்பார். பெரியநீலாவணையின் இந்துக் குடும்பங்களில் "தலையில எழுதினது" என்பார்கள். எங்கள் குழுவில் ஒருத்தி இதற்கு எப்போதும் 0 போடுவாள், இன்னொருத்தி எப்போதும் 2. இரண்டு பேரும் நேர்மையானவர்கள். ஒரே ஊரின் வடக்குப் பாதியும் தெற்குப் பாதியும் மனநிலையில் வேறுபடுவதாக அறிக்கை வருவதற்கு இந்த இரண்டு பேனாக்கள் போதும்.

இந்த இடத்தில் காயத்ரி பெர்னாண்டோவைச் சொல்லாமல் போகக்கூடாது. இலங்கையைச் சேர்ந்தவர், அமெரிக்காவில் உளவியல் பேராசிரியர். ஆயத்தப் படிவத்தை எடுத்து வராமல், பெரும் கஷ்டத்துக்குப் பிறகு சமாளித்து எழுந்த ஒருவரைப் பற்றியும், எழ முடியாமல் போன ஒருவரைப் பற்றியும் கதை சொல்லும்படி மக்களிடம் கேட்டார். அந்தக் கதைகளிலிருந்து கேள்விகளைப் பொறுக்கி இலங்கைக்கென ஓர் உளசமூக அளவையை உருவாக்கி 2008இல் வெளியிட்டார். மக்கள் சொன்ன கதைகளில் உள்ளத்துக்குள் நடப்பதைவிட உறவில் நடப்பது முன்னால் நின்றது: அயலோடு பேசாமல் போவது, குடும்பத்தில் தன் பொறுப்பைச் செய்ய ஏலாமல் போவது. முதலில் கேட்டு, பிறகு அளந்தார். விவரண ஆய்வு என்பது இணைபு ஆய்வுக்கு ஏறுகிற படி மட்டும்தான் என்று நினைப்பவர்களுக்கு நான் காட்டுவது அவருடைய வேலையைத்தான்.

மாதிரி எடுப்பது தனிச் சங்கடம். ஒழுங்கையின் முனையில் நின்று, எழுமாறாக ஒரு வீட்டில் தொடங்கி, ஒவ்வொரு ஐந்தாவது வீட்டுக்கும் போ என்பது விதி. ஐந்தாவது வீட்டில் ஆள் இல்லை என்றால் பிறகு வர வேண்டும். பக்கத்து வீட்டுக்குத் தாவக்கூடாது. விதி நல்லது. ஆனால் எங்கள் கரையில் வீடு என்பது பெண்ணுக்குப் போவது. சீதனமாகத் தாய் தன் வளவிலேயே மகளுக்கு வீடு கட்டிக் கொடுப்பாள், அல்லது தானிருந்த வீட்டையே மூத்தவளுக்குக் கொடுத்துவிட்டுப் பின்னால் ஒதுங்குவாள். மாப்பிள்ளை வந்து சேருவார். தமிழர், முஸ்லிம்கள் இரு பகுதியாருக்கும் இது பொது. அக்கரைப்பற்றை மையமாக வைத்துப் பல பத்தாண்டுகள் இதை ஆராய்ந்த மானிடவியலாளர் டெனிஸ் மெக்கில்வ்ரே 2008இல் பெரிய நூலாகவே எழுதினார். ஆய்வாளருக்கு இதனால் வருவது என்ன? பக்கத்து வீட்டுக்காரி அயலவள் அல்ல, தங்கச்சி. ஐந்தாவது வீடு சின்னம்மா, பத்தாவது வீடு மாமி. இறந்துபோன ஒரு பிள்ளை ஒருத்திக்கு மகன், அடுத்தவளுக்கு மருமகன், மூன்றாமவளுக்குப் பேரன். மூன்று படிவத்திலும் "நெருங்கிய உறவினர் இழப்பு: 1" என்று விழும், கணினி அதை மூன்று தனித்தனி மரணமாக எண்ணும். ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத ஆட்கள் என்ற அனுமானத்தின் மேல்தான் புள்ளிவிபரவியலின் பாதிச் சூத்திரங்கள் நிற்கின்றன. எங்கள் ஒழுங்கைகளில் தொடர்பில்லாத ஆள் என்றால், அது நிறுவனத்தின் வாகனச் சாரதிதான்.

இனி இணைபு. பாடம் நடத்தும் இடமல்ல. ஒரு வரியில்: இரண்டு அளவுகள் சேர்ந்து அசைகிற விதத்தை −1க்கும் +1க்கும் இடையில் ஓர் எண்ணாகச் சொல்வது இணைபுக் குணகம். பூச்சியம் என்றால் சேர்ந்து அசையவில்லை.

ஜேர்மனியின் கொன்ஸ்டன்ஸ் பல்கலைக்கழகத்து ஃபிராங்க் நொய்னர் குழு, கடல் வந்து மூன்று நான்கு வாரத்துக்குள் மணல்காடு, கொஸ்கொட, காலி ஆகிய மூன்று இடங்களில் 264 பிள்ளைகளை நேர்கண்டு 2006இல் வெளியிட்டது. மனவடு நோயின் அறிகுறிகள் இடத்துக்கு இடம் 14 முதல் 39 சதவீதம் வரை. குடும்ப இழப்பும், அலைக்குள் அகப்பட்டதன் கடுமையும், அதற்கு முன்பே பட்ட கஷ்டங்களும் கூடக் கூட அறிகுறியும் கூடியது. அடுத்து கிளவ்டியா கட்டானியும் அதே குழுவினரும் வடகிழக்கில் 296 தமிழ்ப் பாடசாலைப் பிள்ளைகளிடம் யுத்தம், சுனாமி, வீட்டு வன்முறை மூன்றையும் சேர்த்துக் கேட்டார்கள். 2008இல் வந்த அந்தக் கட்டுரையில் 30.4 சதவீதம் மனவடு நோய், 19.6 சதவீதம் மனச்சோர்வு. பட்ட அடிகளின் எண்ணிக்கையோடு நோய் ஏறிக்கொண்டே போகிறது. வீட்டுக்குள்ளே வாங்கிய அடியும் அதில் சேர்த்தி. தகப்பனின் குடியோடு வீட்டு வன்முறைக்குத் தொடர்பு இருக்கிறது. நல்ல வேலை. வெறும் யுத்தம், வெறும் சுனாமி என்று நின்றுவிடாமல் வாசற்படியைத் தாண்டி உள்ளே பார்த்தார்கள்.

ஆனால் தகப்பனின் குடி பற்றிய அந்தக் கேள்வியைப் பின்னொரு நாளில் வேறொரு படிவத்தில் எங்கள் முஸ்லிம் ஊர்களில் நான் வாசிக்க வேண்டி வந்தது. "வாப்பா மதுபானம் அருந்துவாரா?" பிள்ளை தாயைப் பார்க்கும். தாய் என்னைப் பார்ப்பார். "என்ன கேள்வி புள்ள இது?" எல்லாப் படிவத்திலும் 0. குடிக்கிறவர் ஊரில் ஒருவர்கூட இல்லையா என்றால், அது எனக்கும் அந்தத் தாய்க்கும் இடையிலுள்ள விஷயம். படிவத்துக்கு அதில் இடமில்லை. விளைவு கணினியில் தெரிந்தது. எல்லா வரிசையிலும் 0 இருக்கிற ஒரு நிரலை எஸ்.பி.எஸ்.எஸ். மென்பொருளில் வேறெதனோடும் இணைத்துப் பார்க்கக் கேளுங்கள்: விடை வர வேண்டிய கட்டத்தில் ஒரு சின்னப் புள்ளி மட்டும் நிற்கும். கீழே அடிக்குறிப்பு: ஒரு மாறி மாறாமல் இருப்பதால் கணிக்க முடியாது.

அந்தப் புள்ளிதான் இந்தத் தொழிலில் நான் படித்த பெரிய பாடம். அதன் முழு அர்த்தமும் கடலோர ஒழுங்கையொன்றின் தரவைப் பதிந்த அன்று விளங்கியது. அங்கே எந்த வீடும் மிஞ்சவில்லை. "வீடு: முற்றாக அழிந்தது" என்ற நிரலில் மேலிருந்து கீழ் வரைக்கும் 1, 1, 1, 1. வீடிழந்ததற்கும் மனச்சோர்வுக்கும் என்ன தொடர்பு என்று கேட்டால், அந்த ஒழுங்கையைப் பொறுத்தவரை கணினியின் பதில் அதே புள்ளி. இணைபுக்கு வித்தியாசம் வேண்டும். ஒருவருக்கு நடந்து அடுத்தவருக்கு நடக்காததை மட்டும்தான் அதற்குப் பார்க்கத் தெரியும். எல்லோருக்கும் நடந்தது அதன் கண்ணில் நடக்காதது மாதிரி.

இதையே 1985இல் லண்டன் தொற்றுநோயியலாளர் ஜெஃப்ரி ரோஸ் சிகரெட்டை வைத்து விளக்கினார். ஊரில் அத்தனை பேரும் ஒரே அளவில் புகைத்தால், யாருக்குப் புற்றுநோய் வருகிறது என்று தேடும் ஆய்வு அதைப் பரம்பரை நோய் என்றுதான் முடிவு கட்டும், சிகரெட் பிடிபடாது. கடலோர ஒழுங்கையில் கணக்குப் போட்டால் என்ன கிடைக்கும்? சிலருடைய சுபாவம், சிலருடைய பழைய பதகளிப்பு, சிலருடைய வயது. இவைதான் நோயைத் தீர்மானிக்கின்றன என்று அட்டவணை சொல்லும். கடல் அட்டவணையில் இராது.

அப்படிப்பட்ட இடத்தில் கைகொடுப்பது பாடநூல் கீழ்ப்படியில் வைத்த விவரணம்தான். உலகத்தில் இதற்குப் பேர்போன வேலை வியன்னாவுக்கு அருகே மரியென்தால் என்ற நெசவாலைக் கிராமத்தில் நடந்தது. மருதமுனைத் தறிச்சத்தத்தைக் கேட்டு வளர்ந்தவளுக்கு அதை வாசித்தபோது அந்நியமாகத் தெரியவில்லை. 1929, 30 வாக்கில் ஆலை மூடிய பிறகு ஏறக்குறைய ஊரே வேலையிழந்தது, 478 குடும்பங்கள். வேலையின்மை எல்லோருக்கும் பொதுவானதால் அதை எதனோடு இணைத்துப் பார்ப்பது? மரீ யஹோடா, போல் லாசர்ஸ்ஃபெல்ட், ஹான்ஸ் ஸைசல் மூவரும் குழுவோடு போய் இருந்து, பார்த்ததையெல்லாம் எண்ணினார்கள். வீட்டு உணவுக் குறிப்புகளைச் சேர்த்தார்கள். நூலகப் பதிவேட்டைப் புரட்டினார்கள்: நேரம் கைநிறைய இருந்தும், கட்டணம் நீக்கப்பட்டும், இரவல் போகும் புத்தகங்கள் ஏறக்குறையப் பாதியாகியிருந்தன. கையில் கடிகாரத்தோடு மறைந்து நின்று தெருவில் நடப்பவர்களின் வேகத்தைக் கணக்கெடுத்தார்கள். ஆண்கள் பெண்களைவிட மெதுவாக நடந்தார்கள், அடிக்கடி நின்றார்கள். பெண்களுக்கு வீட்டு வேலை ஓயவில்லை. ஆண்களுக்கு எங்கேயும் போக வேண்டிய அவசரம் போய்விட்டது. "எதிர்காலத்தில் நம்பிக்கை உண்டா" என்று கேட்டு 0, 1, 2, 3 போடாமல், கால்களைப் பார்த்தே எழுதிவிட்டார்கள். அந்தக் குழு தனக்கு வைத்துக்கொண்ட விதி இன்னொன்று: வெறும் அவதானியாக ஒருவரும் ஊருக்குள் இருக்கக்கூடாது, ஊருக்குப் பயன்படும் ஒரு வேலையையும் செய்ய வேண்டும். உடுப்புச் சேர்த்துக் கொடுத்தார்கள், துணி வெட்டும் வகுப்பு வைத்தார்கள், மருத்துவரைக் கொண்டுவந்தார்கள். 1933இல் நூல் வந்தது. "அப்ப என்னத்துக்கு எழுதுற?" என்று கேட்ட மூத்தம்மாவிடம் இவர்கள் தலை நிமிர்ந்து பதில் சொல்லியிருப்பார்கள்.

எங்கள் நாட்டில் தயா சோமசுந்தரம் வடக்கைப் பற்றி 2007இல் எழுதியது இந்த வழியில்தான். தனி ஆளின் குறிகுணப் பட்டியலோடு நிற்காமல், ஊர் ஊராக, குடும்பம் குடும்பமாக நம்பிக்கை குலைந்துபோனதையும், மௌனம் படிந்ததையும், உறவுக்கட்டு அவிழ்ந்ததையும் பங்குபற்றல் அவதானத்தாலும் குழுக் கலந்துரையாடலாலும் எழுதினார். கூட்டு மனவடு என்றார். தனியாள் படிவத்தை எத்தனை ஆயிரம் நிரப்பினாலும் அது வராது.

இணைபை நான் பகைக்கவில்லை. ஒழுங்கையை விட்டு ஊர் முழுவதையும், கடற்கரையிலிருந்து வயல்கரை வரைக்கும் எடுத்தால் அது உயிர் பெற்றுவிடும். அப்போது வேறொரு தொல்லை. கடலிலிருந்து எத்தனை யார் என்ற ஒரே அளவு எல்லாவற்றையும் இழுத்துக்கொண்டு வரும். கரையோரம் கடற்றொழிலாளர், அவர்கள் ஏழைகள், உறுதிப் பத்திரம் இல்லை, கடன் உண்டு, இழப்பு அதிகம், கெட்ட கனவும் அதிகம். வீதிக்கு மேற்கே கடை வைத்திருப்பவர், உத்தியோகத்தர். இப்போது எதை எடுத்து எதோடு இணைத்தாலும் குணகம் வரும். கடனுக்கும் கனவுக்கும் இணைபு. ஓலைக்கூரைக்கும் பதகளிப்புக்கும் இணைபு. ஓலையை மாற்றித் தகரம் போட்டால் பதகளிப்புத் தீருமா? தூரத்தை நிறுத்திவைத்துப் பார்த்தால் இவற்றில் எது நிற்கும், எது விழும் என்று தேடுவதுதான் வேலை. அதற்கு முதலில் தூரத்தைப் படிவத்தில் கேட்டிருக்க வேண்டும். நான் மேற்பார்வைக்கு வந்த பிறகு எங்கள் படிவங்களின் முதல் பக்கத்தில் அந்தக் கட்டம் தவறியதில்லை. கடலிலிருந்து 200 மீற்றருக்குள் வீடு கட்டத் தடை வலயம் வந்த பிறகு கரையில் யாரைக் கேட்டாலும் தூரத்தைத் துல்லியமாகச் சொல்வார்கள். வீடு கட்டலாமா கூடாதா என்பதே அதில் இருந்ததால் அடி அடியாக அளந்து வைத்திருந்தார்கள்.

திசைக் குழப்பம் இன்னொன்று. உளவளத்துணைக்கு அதிக தரம் போனவர்களுக்கு மனவடுப் புள்ளியும் அதிகம் என்று எந்தத் தரவிலும் வரும். உளவளத்துணை ஆளைக் கெடுக்கிறது என்றா? கெட்டுப்போயிருந்தவர்களைத்தானே கூட்டிக்கொண்டு போனோம்.

ஒழுங்காகச் செய்த இணைபு ஆய்வு என்ன செய்யும் என்பதற்கு இலங்கையே உலகத்துக்குப் பாடமானது. 1995இல் இந்த நாட்டின் தற்கொலை வீதம் ஒரு லட்சத்துக்கு 47. உலகின் மிக உயர்ந்தவற்றுள் ஒன்று. யுத்தம், வறுமை, காதல் தோல்வி, குடி என்று ஆளாளுக்கு ஒரு காரணம். 2005க்குள் அது பாதியானது. டேவிட் கன்னல் முதலானோர் 2007இல் வருடவாரியாகப் பொருத்திப் பார்த்தார்கள். வேலையின்மை, மதுவிற்பனை, விவாகரத்து, யுத்த வருடங்கள் எதுவும் அந்த இறக்கத்தோடு பொருந்தவில்லை. 1995இலும் 1998இலும் மிகக் கொடிய பூச்சிகொல்லிகளுக்கு வந்த தடைகள்தான் பொருந்தின. மனது மாறியதால் அல்ல, கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது மாறியதால் உயிர்கள் தப்பின. ஒரு வருடத்துக்குள், ஒரு கிராமத்துக்குள் ஆளுக்கு ஆள் ஒப்பிட்டிருந்தால் இது தெரிந்தே இராது, ஏனென்றால் நஞ்சு எல்லா வீட்டிலும் இருந்தது. வருடத்துக்கு வருடம் ஒப்பிட்டதால் வித்தியாசம் கிடைத்தது. வித்தியாசம் எங்கே இருக்கிறது என்று தெரிந்து அங்கே போய் நிற்பது பாதித் திறமை.

2020இல் கொவிட் வந்தபோது வீடுகளுக்குப் போக வழியில்லை. படிவத்துக்கான இணைப்பை வட்ஸ்அப்பில் அனுப்பினார்கள். ஏழு கேள்விகள் கொண்ட பதகளிப்பு அளவை, கடந்த இரண்டு வாரங்களில் எத்தனை நாள் என்று கேட்கும், ஆகக்கூடியது 21 புள்ளி. அந்த ஏப்ரலில்தான் கொவிட்டால் இறப்பவர்கள் எல்லோரையும் எரிக்க வேண்டும் என்று வர்த்தமானி வந்தது. 2021 பெப்ரவரிக் கடைசி வரைக்கும் அது நீடித்து, மார்ச்சில்தான் ஓட்டமாவடியில் ஜனாஸாக்களை அடக்க விட்டார்கள். இடையிலிருந்த மாதங்களில் எங்கள் ஊர்களில் காய்ச்சல் வந்த ஒருவர் நோயைவிட எதற்குப் பயந்தார் என்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். ஆஸ்பத்திரிக்குப் போக மறுத்த வயோதிபர்கள் இருந்தார்கள். வட்ஸ்அப்பில் வந்த படிவத்தில் வருமானம் இருந்தது, வயது இருந்தது, வேலையிழப்பு இருந்தது. இந்தப் பயம் இல்லை. இருந்திருந்தாலும் முஸ்லிம்கள் எல்லோரும் ஒரே பதிலைத்தான் அழுத்தியிருப்பார்கள்; அட்டவணையில் மறுபடியும் அந்தச் சின்னப் புள்ளி. வருமானத்துக்கும் பதகளிப்புக்கும் சிறிய இணைபு உண்டு என்று அறிக்கை எழுதலாம். பொய்யும் இல்லை.

இப்போது மாணவ மாணவியரைக் களத்துக்குப் பழக்குகிறேன். படிவத்தின் வலது பக்கத்தில் மூன்றிலொரு பங்கை வெறுமையாக விட வைக்கிறேன். வட்டமிட்ட கையாலேயே, ஆள் சொன்ன சொல்லை அதே சொல்லில் அங்கே எழுத வேண்டும். "மெடம், இத எப்படி எஸ்.பி.எஸ்.எஸ்.ல போடுற?" என்பார்கள். வழி இருக்கிறது. குறிப்புகளை இரண்டு பேர் தனித்தனியாக, ஒருவர் போட்டதை மற்றவர் பாராமல் வகை பிரிக்க வேண்டும். பிறகு இருவரும் எவ்வளவு ஒத்துப்போகிறார்கள் என்று பார்க்க வேண்டும். தற்செயலாக ஒத்துப்போவதைக் கழித்துவிட்டுச் சொல்லும் அளவை ஜேக்கப் கோஹன் 1960இலேயே தந்துவிட்டார். மெல்ல நடக்கும் வேலை, ஆட்கூலியும் அதிகம். ஆனாலும் தகரமும் இத்தாவும் அந்த ஓரத்திலிருந்துதான் அட்டவணைக்குள் ஏறும்.

அண்மையில் இரண்டு பிள்ளைகளுக்குள் ஒரு குறிப்பில் வாக்குவாதம். தூக்கக் கேள்விக்கு 2. ஓரத்தில், "மகன் கடலுக்குப் போற ராவையில மட்டும் கண் மூடாது." ஒருத்தி இதை மனவடுவில் சேர்த்தாள்: கடலோடு தொடர்புபட்ட அச்சம், நினைவூட்டலால் தூண்டப்படுவது, பாடநூலில் உள்ளபடி. மற்றவள் சாதாரணக் கவலையில் போட்டாள்: மகன் கடலில் இருக்கும்போது எந்தத் தாய் தூங்குவாள்? என்னிடம் கொண்டுவந்தார்கள். நான் கடற்றொழில் குடும்பத்துப் பிள்ளை இல்லை. வகுப்பில் அப்படி ஒருத்தி இருந்தாள், அவளைக் கூப்பிட்டுக் காட்டினேன். இரண்டு தரம் வாசித்துவிட்டு, "இது எந்த மாசம் எடுத்தது?" என்று கேட்டாள். வாடைக்காற்று மாதங்கள் என்றால் அவளுடைய உம்மாவும் தூங்குவதில்லையாம். கடல் அடங்கிக் கிடக்கிற சித்திரை, வைகாசியிலும் தூங்கவில்லை என்றால் மனவடு என்ற பிள்ளை சொல்வதில் விஷயம் இருக்கிறதாம். முதல் பக்கத்தைப் புரட்டினோம். கடலிலிருந்து தூரம் எழுதியிருந்தது. திகதிக் கட்டத்தை நிரப்பாமல் விட்டிருந்தார்கள். விலாசம் இருக்கிறது, சனிக்கிழமை இரண்டு பேருமாகத் திரும்பப் போகிறார்கள்.